ரத்தம் எட்டரை: மாத்திரையா, டானிக்கா, முருங்கைக்கீரையா, ட்ரிப்ஸா?

"அக்கா, ரத்தம் எட்டரைதானாம், நர்ஸம்மா திட்டிட்டுப் போறாங்க" என்று தங்கச்சி போன் செய்தபோது அவளுக்கு 20 வாரக் கர்ப்பம். எட்டரை என்பது ஹீமோகுளோபின், அதாவது ரத்தச் சிவப்பணுக்களில் இருக்கும் இரும்புள்ள பொருள், 100 மில்லி ரத்தத்துக்கு 8.5 கிராம். இரண்டாவது பிள்ளை. மூத்தவனுக்கு இப்போதுதான் மூன்று வயது. அந்த வாரக் கடைசியில் நான் திருச்சியிலிருந்து மன்னார்குடிப் பக்கம் இருக்கும் அவள் வீட்டுக்குப் போனால், அங்கே ஒரு பட்டிமன்றமே நடந்துகொண்டிருந்தது. அம்மா முருங்கைக்கீரைக் கட்சி. அவள் மாமியார் பீட்ரூட், மாதுளை ஜூஸ் கட்சி, சிவப்பாக இருப்பதெல்லாம் ரத்தம் ஊறும் என்பது அவர்கள் கணக்கு. மாப்பிள்ளை மெடிக்கலில் கேட்டு ஒரு பெரிய பாட்டில் டானிக் வாங்கி வைத்திருந்தார். பக்கத்து வீட்டு அக்கா, "எதுக்கு இவ்வளவு பேச்சு, ட்ரிப்ஸ் ஏத்துனா ஒரே நாள்ல ஏறிடும்" என்றார். இவ்வளவுக்கும் நடுவே, நர்ஸம்மா நாலாம் மாதத்திலிருந்து கொடுத்த சிவப்பு மாத்திரை அட்டைகள் ஃப்ரிட்ஜ் மேலே ஒரு பிஸ்கட் டப்பாவில் ஏறக்குறைய அப்படியே கிடந்தன.

நான் டாக்டர் இல்லை. இரண்டு பிள்ளை பெற்றவள், முதல் பிள்ளைக்கு இதே விஷயத்தில் நன்றாக அடிபட்டவள், அதனால் அப்புறம் கொஞ்சம் தேடிப் படித்தவள், அவ்வளவுதான். அன்றைக்கு அவர்கள் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து ஒரு பழைய காலண்டர் தாளின் பின்பக்கம் போட்ட கணக்கைத்தான் இங்கே எழுதுகிறேன். எது சத்தானது என்று கேட்டால் எல்லாமே சத்தானதுதான், பட்டிமன்றம் முடியவே முடியாது. கேட்க வேண்டியது வேறு: எவ்வளவு பற்றாக்குறை, பிரசவத்துக்கு இன்னும் எத்தனை வாரம், அதற்குள் எது அந்தப் பள்ளத்தை நிரப்பும்.

முதலில் பள்ளம் எவ்வளவு ஆழம் என்று பார்ப்போம். ஒரு கர்ப்பகாலம் முழுவதுக்கும் தாய்க்குக் கூடுதலாகத் தேவைப்படும் இரும்பு ஏறக்குறைய 1,000 மில்லிகிராம், அதாவது ஒரே ஒரு கிராம். அதில் சுமார் 300 குழந்தைக்கும் நஞ்சுக்கொடிக்கும் போகிறது, 500 தாயின் உடம்பில் புதிதாக உண்டாகும் ரத்த அணுக்களுக்கு, மீதி 200 வழக்கமாக உடம்பை விட்டு வெளியேறுவது. இது ஒன்பது மாதத்துக்கும் சமமாகப் பிரிவதில்லை. முதல் மூன்று மாதத்தில் பெரிதாகத் தேவையே இல்லை, பிற்பாதியில்தான் ஒரு நாளைக்கு 6, 7 மி.கி. வரை கேட்கிறது, அதுவும் வாயில் போடுகிற அளவு இல்லை, குடல் உறிஞ்சி ரத்தத்தில் சேரவேண்டிய அளவு. நம் சாப்பாட்டில் உள்ள இரும்பில் நூற்றுக்கு ஐந்து, பத்துதான் உள்ளே போகிறது. எல்லாக் குழப்பமும் இங்கேதான் ஆரம்பிக்கிறது.

இன்னொன்றும் சொல்லவேண்டும். கர்ப்பத்தில் ரத்தத்தின் நீர்ப்பகுதி கிட்டத்தட்ட பாதியளவுக்குக் கூடிவிடும், சிவப்பணுக்கள் அந்த வேகத்தில் கூடாது, அதனால் எல்லாருக்குமே ஹீமோகுளோபின் கொஞ்சம் இறங்கத்தான் செய்யும். குழம்பில் தண்ணீர் விட்டால் உறைப்பு குறைவது மாதிரி. "அது எல்லாருக்கும் குறையும், விடு" என்று மாமியார் சொன்னது அந்த அளவில் சரிதான். ஆனால் அந்த இறக்கத்தையும் கணக்கில் சேர்த்துத்தான் உலக சுகாதார நிறுவனம் கோடு போட்டிருக்கிறது: முதல் மூன்று மாதமும் கடைசி மூன்று மாதமும் 11, நடுவில் 10.5. அதற்குக் கீழே போனால் ரத்தசோகை. 7-க்கும் கீழே என்றால் கடுமையானது. 2019-21 தேசியக் குடும்பநல ஆய்வில் இந்தியக் கர்ப்பிணிகளில் 52 சதவீதம் பேர் 11-க்குக் கீழே இருந்தார்கள். பாதிப் பேருக்கு இருப்பதால் அது சாதாரணம் ஆகிவிடாது என்று அன்றைக்கு அவர்களிடம் கொஞ்சம் சத்தமாகவே சொன்னேன்.

எட்டரைக்கு எவ்வளவு இரும்பு வேண்டும் என்று கணக்கிட டாக்டர்கள் ஒரு சூத்திரம் வைத்திருக்கிறார்கள், ட்ரிப்ஸ் போடும்போது அளவு முடிவு செய்வது இதை வைத்துத்தான். உடல் எடையை, எட்டவேண்டிய அளவுக்கும் இப்போதைய அளவுக்கும் உள்ள வித்தியாசத்தால் பெருக்கி, அதை 2.4-ஆல் பெருக்கி, சேமிப்புக்கென்று 500 கூட்டவேண்டும். தங்கச்சி 52 கிலோ. 11-லிருந்து 8.5 போனால் 2.5. பெருக்கினால் 130, அதை 2.4-ஆல் பெருக்கினால் 312, அதோடு 500 சேர்த்தால் 812. ஆக, பள்ளம் ஏறக்குறைய 800 மி.கி. இனி ஒவ்வொரு கட்சியும் இந்த 800-ஐ எப்படி நிரப்பப்போகிறது என்று வந்து சொல்லட்டும்.

அம்மாவிடமிருந்தே ஆரம்பித்தேன், வேறு யாரிடம் ஆரம்பித்தாலும் கோபித்துக்கொள்வார்.

100 கிராம் முருங்கைக்கீரையில் இரும்பு 4, 5 மி.கி. உருவிய இலையாக 100 கிராம் என்பது எவ்வளவு என்று உருவியவர்களுக்குத் தெரியும், ஒரு ஆள் தினமும் அவ்வளவு சாப்பிடுவதே பெரிய விஷயம். அதில் பத்தில் ஒரு பங்கு உறிஞ்சப்படுகிறது என்று தாராளமாகவே வைத்துக்கொண்டாலும் ஒரு நாளைக்கு அரை மி.கி. 800-ஐ அரையால் வகுத்தால் 1,600 நாள். நாலு வருஷத்துக்கும் மேலே. இதைச் சொன்னதும் அம்மா, "அப்ப நாங்கல்லாம் எதைத் தின்னு புள்ள பெத்தோம்?" என்று கேட்டார். பெற்றீர்கள்தான், ஆனால் அப்போது யார் உங்கள் ரத்தத்தை அளந்தார்கள், மூன்றாவது பிரசவத்துக்கு அப்புறம் நீங்கள் ஆறு மாதம் மூச்சு வாங்கிக்கொண்டு திரிந்ததை நீங்களே எத்தனை முறை சொல்லியிருக்கிறீர்கள் என்று கேட்டேன். பதில் வரவில்லை, கீரை மட்டும் வந்தது, சாப்பிட்டோம்.

பீட்ரூட்டும் மாதுளையும் இதைவிட மோசம். பீட்ரூட்டில் 100 கிராமுக்கு 1 மி.கி. கூட இல்லை, மாதுளையில் அரை மி.கி. கூட இல்லை. அந்தச் சிவப்புக்கும் ரத்தச் சிவப்புக்கும் ஒரு சம்பந்தமும் கிடையாது, இரண்டும் வேறு வேறு சாயம். விரும்பினால் சாப்பிடலாம், மருந்தென்று நம்பி ஒரு மாதம் ஓட்டிவிடக்கூடாது. கேழ்வரகும் அப்படித்தான், அதில் இரும்பு இருக்கிறது, ஆனால் உறிஞ்சவிடாமல் தடுக்கும் பொருட்களும் கூடவே இருக்கின்றன. அதன் உண்மையான பெருமை சுண்ணாம்புச்சத்து, 100 கிராமில் 350 மி.கி.க்கு மேல். கம்பில் இரும்பு கேழ்வரகைவிடக் கூடுதல்.

அசைவம் சாப்பிடுபவர்களுக்கு நிலைமை கொஞ்சம் நல்லது, ஏனென்றால் கறியில் உள்ள இரும்பில் கணிசமான பகுதியைக் குடல் நேரடியாக எடுத்துக்கொள்கிறது. இங்கே நம் ஊர்ப் பெரியவர்களுக்கு ஒரு கும்பிடு போடவேண்டும். ரத்தம் இல்லாதவர்களுக்கு ஆட்டுச் சுவரொட்டி வாங்கிக் கொடு என்பார்களே, அது வெறும் நம்பிக்கை இல்லை. சுவரொட்டி என்பது மண்ணீரல், பழைய ரத்த அணுக்களை உடைத்து இரும்பைப் பிரித்து வைக்கும் இடமே அதுதான், ஆட்டு மண்ணீரலில் 100 கிராமுக்கு 40 மி.கி. அளவுக்கு இரும்பு இருக்கிறது. அத்தனையும் உடம்பில் சேர்ந்துவிடாது என்றாலும், கீரையோடு ஒப்பிட்டால் எங்கேயோ இருக்கிறது. நன்றாக வேகவைத்து வாரம் ஒரு நாள் சாப்பிடலாம், கிடைத்தால். கறிக்கடைக்காரர் அதைத் தெரிந்தவர்களுக்குத்தான் எடுத்து வைக்கிறார் என்பது வேறு கதை. ஈரல் விஷயத்தில் மட்டும் கொஞ்சம் கவனம் வேண்டும். இரும்பு உண்டு, ஆனால் வைட்டமின் ஏ மிக அதிகம், அது அளவு மீறினால் குழந்தையின் வளர்ச்சிக்குக் கேடு, அதனால் பிரிட்டனில் கர்ப்பிணிகள் ஈரலே சாப்பிட வேண்டாம் என்று சொல்கிறார்கள்.

சரி, அப்படியென்றால் சாப்பாடு தோற்றுவிட்டதா என்றால், இல்லை, அது வேறு வேலைக்கு வந்த ஆள். பள்ளம் விழாமல் பார்த்துக்கொள்ளும், விழுந்த பள்ளத்தை ஐந்து மாதத்தில் நிரப்பாது. மாத்திரையில் இல்லாத புரதத்துக்கு அதுதான் கதி. ஐ.சி.எம்.ஆர். (இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம்) கணக்கில் நடு மூன்று மாதத்தில் தினம் சுமார் 10 கிராம், கடைசி மூன்று மாதத்தில் 22 கிராம் புரதம் கூடுதலாக வேண்டும். அதாவது முட்டை, பருப்பு, மீன், சுண்டல், பால். கூடுதல் கலோரியோ வெறும் 350, மூன்று இட்லி, சாம்பார், ஒரு முட்டை, அத்தோடு முடிந்தது. "ரெண்டு உசுருக்குச் சேர்த்துச் சாப்பிடு" என்று சோற்றை அள்ளி வைப்பதற்கு இந்தக் கணக்கில் இடமே இல்லை. இரும்புச் சட்டியில் புளிக்குழம்பு வைப்பதைப் பழையபடி ஆரம்பிக்கலாம், புளிப்பு பட்டால் சட்டியிலிருந்தே கொஞ்சம் இரும்பு குழம்பில் இறங்கும், நான்ஸ்டிக் வந்தபிறகு நாம் இழந்ததில் அதுவும் ஒன்று.

அடுத்து மாப்பிள்ளையின் டானிக். பாட்டிலைத் திருப்பிப் பின்னால் இருக்கும் பொடி எழுத்தைப் படிக்கச் சொன்னேன். இரும்பு மருந்து எதை வாங்கினாலும் பார்க்கவேண்டிய ஒரே எண் 'எலிமெண்டல் ஐயர்ன்' என்று போட்டிருப்பது. மருந்தில் இரும்பு வேறு பொருளோடு சேர்ந்த ஒரு உப்பாகத்தான் இருக்கும், அந்த உப்பின் எடை வேறு, அதற்குள் இருக்கும் இரும்பின் எடை வேறு. 200 மி.கி. ஃபெரஸ் சல்பேட் என்றால் அதில் நிஜ இரும்பு 60, 65 மி.கி.தான். அந்த டானிக்கில் ஒரு வேளைக்கு 15 மில்லி குடித்தால் 30 மி.கி. சொச்சம். அதாவது நர்ஸம்மா இலவசமாகக் கொடுத்த ஒரு மாத்திரையில் பாதி, அதோடு கூடவே நல்ல அளவில் சர்க்கரைப் பாகு. தங்கச்சிக்குக் குளுக்கோஸ் குடித்துப் பார்க்கும் பரிசோதனையில் சர்க்கரை சரியாக இருந்தது, கர்ப்பகாலச் சர்க்கரை இருப்பவர்கள் என்றால் டாக்டரைக் கேட்காமல் டானிக் பக்கமே போகக்கூடாது. பல்லிலும் கறை பிடிக்கும், ஸ்ட்ரா வைத்துக் குடிக்கலாம். மாத்திரையை விழுங்கவே முடியாது, தொண்டையிலேயே நிற்கிறது என்பவர்களுக்கு டானிக் ஒரு வழி, மற்றபடி அதற்குச் செலவழிக்கும் காசுக்கு முட்டை வாங்கலாம் என்பது என் கருத்து. மாப்பிள்ளை முகம் கொஞ்சம் சுருங்கியது. கர்ப்பிணிகளுக்கென்று விற்கும் பால் பவுடர்களுக்கும் இதே பதில்தான், அங்கன்வாடியில் தரும் சத்துமாவைக் கஞ்சி காய்ச்சிக் குடித்தாலே போதும், அதை மாட்டுக்குப் போடாமல் இருந்தால்.

இனி ஃப்ரிட்ஜ் மேலே கிடந்த டப்பா.

அந்தச் சிவப்பு மாத்திரையில் 60 மி.கி. இரும்பும் 500 மைக்ரோகிராம் ஃபோலிக் அமிலமும் இருக்கின்றன. நாலாம் மாதத்திலிருந்து தினம் ஒன்று, 180 நாள் என்பது 2018-இல் தொடங்கிய ரத்தசோகை ஒழிப்புத் திட்டத்தின் கணக்கு. ரத்தம் ஏற்கெனவே 7-க்கும் 11-க்கும் நடுவே இருந்தால் தினம் இரண்டு. இரண்டு என்றால் 120 மி.கி., அதில் பத்தில் ஒரு பங்கு உள்ளே போனால் 12 மி.கி., கொஞ்சம் குறைத்து 10 என்றே வைத்துக்கொள்வோம், 800-ஐ நிரப்ப 80 நாள். பதினொன்று, பன்னிரண்டு வாரம். தங்கச்சிக்கு 20 வாரம் ஆகியிருந்தது, இன்றைக்கு ஆரம்பித்தால் 32 வாரத்துக்குள் முடிந்துவிடும், பிரசவத்துக்கு அதற்கு மேலும் இரண்டு மாதம் இருக்கும். காலண்டர் தாளில் இந்த வரி வந்ததும் பேச்சு அடங்கிவிட்டது. பைசா செலவில்லாத வழி டப்பாவுக்குள் தூங்கிக்கொண்டிருந்தது.

அப்படியானால் ஏன் சாப்பிடவில்லை? தனியாக மாடிக்குக் கூட்டிக்கொண்டுபோய்க் கேட்டேன். முதல் வாரம் சாப்பிட்டாளாம், வாயெல்லாம் இரும்பு வாடை, குமட்டல், அப்புறம் மலச்சிக்கல், ஒருநாள் கறுப்பாகப் போனதும் பயந்துபோய் நிறுத்திவிட்டாள். கூடவே யாரோ, இதைத் தின்றால் பிள்ளை கறுப்பாகப் பிறக்கும் என்று வேறு சொல்லியிருக்கிறார்கள். கறுப்பாகப் போவது உறிஞ்சப்படாத இரும்பு, அவ்வளவுதான், மாத்திரை சாப்பிடும் எல்லாருக்கும் அப்படித்தான். பிள்ளையின் நிறத்துக்கும் மாத்திரைக்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை, குங்குமப்பூவுக்கும் இல்லை. (இருந்தாலும்தான் என்ன, நாமெல்லாம் என்ன வெள்ளைக்காரர் வீட்டுப் பிள்ளைகளா.)

பெரிய விஷயம் அதற்கு அப்புறம்தான் தெரிந்தது. அந்த முதல் வாரத்திலும் எப்படிச் சாப்பிட்டாய் என்றால், "மறந்துடக்கூடாதுன்னு இரும்பு மாத்திரை, கால்சியம் மாத்திரை எல்லாத்தையும் ஒண்ணாப் போட்டு, காலையில காபியோட முழுங்கிடுவேன்க்கா" என்கிறாள். கால்சியம் இரும்பை உறிஞ்சவிடாது. காபியில், டீயில் உள்ள துவர்ப்புப் பொருளும் விடாது. பாலும் விடாது. மூன்றையும் ஒரே நேரத்தில் உள்ளே அனுப்பினால் அந்த 60 மி.கி.யில் எவ்வளவு தேறும்? எந்தக் கம்பெனி மாத்திரை, எந்த உப்பு என்று ஆராய்வதைவிட இது நூறு மடங்கு முக்கியம், ஆனால் மாத்திரையைக் கையில் கொடுக்கிற இடத்தில் இதைச் சொல்ல யாருக்கும் நேரம் இருப்பதில்லை.

உட்கார்ந்து நேரம் மாற்றினோம். காலை ஆறு மணிக் காபி அவளால் விடமுடியாது, சரி, அது இருக்கட்டும். எட்டரைக்குச் சாப்பாட்டோடு ஒரு கால்சியம். பதினொரு மணிக்கு, வயிறு ஓரளவு காலியாக இருக்கும்போது, அரை எலுமிச்சம்பழம் பிழிந்த தண்ணீரோடு இரும்பு மாத்திரை. எலுமிச்சையில் உள்ள வைட்டமின் சி இரும்பைக் குடலுக்குள் கைப்பிடித்துக் கூட்டிப்போகும், நெல்லிக்காயோ கொய்யாவோ ஒரு துண்டு கடித்தாலும் அதே வேலை. அதற்கு முன்னும் பின்னும் ஒரு மணி நேரம், முடிந்தால் இரண்டு மணி நேரம், பால், டீ கிடையாது. இரவு ஏழரைக்குச் சாப்பாட்டோடு இரண்டாவது கால்சியம், பத்து மணிக்குப் படுக்கும்போது இரண்டாவது இரும்பு. படுக்கும்போது போட்டால் குமட்டலைத் தூக்கம் மறைத்துவிடும். வெறும் வயிற்றில் புரட்டுகிறது என்றால் சாப்பிட்டபின் போடலாம், உறிஞ்சுவது குறையும்தான், ஆனால் டப்பாவில் இருக்கும் மாத்திரை ஒரு மி.கி. கூட உறிஞ்சப்படாது.

இதில் ஒரு நுணுக்கம் உண்டு, தெரிந்து வைத்துக்கொள்ளலாம். ஒரு மாத்திரை போட்டதும் ஹெப்சிடின் என்று ஒரு ஹார்மோன் ஏறி, கிட்டத்தட்ட ஒரு நாளைக்குக் குடலின் கதவைப் பாதி சாத்திவிடுகிறது, அதனால் இரண்டாவது மாத்திரையில் உறிஞ்சப்படும் பங்கு குறைகிறது. 2017-இல் சுவிட்சர்லாந்தில் இரும்புச்சத்து குறைந்த இளம்பெண்களுக்கு ஒருநாள் விட்டு ஒருநாள் கொடுத்துப் பார்த்தார்கள், மொத்தத்தில் கூடுதலாகவே உறிஞ்சப்பட்டது. ஆனால் அவர்கள் கர்ப்பிணிகள் இல்லை. அதனால் நாமாகவே ஒருநாள் விட்டு ஒருநாள் என்று மாற்றிக்கொள்ளக்கூடாது, தினம் போட்டால் தாங்கவே முடியவில்லை என்கிறவர்கள் டாக்டரிடம் இதைச் சொல்லிக் கேட்கலாம்.

அரசு மாத்திரை ஒத்துக்கொள்ளவில்லை என்றால் தனியாரில் எழுதித்தரும் ஃபெரஸ் அஸ்கார்பேட், ஃபியூமரேட் எல்லாம் இருக்கின்றன. ஒன்று புரட்டினால் இன்னொன்று புரட்டாமல் இருக்கலாம், மாற்றிப் பார்ப்பதில் தப்பில்லை, எலிமெண்டல் அளவை மட்டும் பார்த்துக்கொள்ளவேண்டும். பாலிமால்டோஸ் என்று ஒரு வகை வயிற்றுக்கு மென்மையானது, ஆனால் உறிஞ்சப்படுவது மந்தம், எட்டரையில் இருப்பவர்களுக்கு அது என் தேர்வாக இருக்காது. ஃபோலிக் அமிலத்தைப் பற்றியும் ஒரு வரி: அதன் மிக முக்கியமான வேலை கரு உண்டான முதல் 28 நாளுக்குள் முடிந்துவிடுகிறது, குழந்தையின் முதுகுத்தண்டுக் குழாய் மூடும் காலம் அது, அதனால் அடுத்த பிள்ளைக்குத் திட்டமிடுகிறவர்கள் முன்னாலேயே ஆரம்பிக்கவேண்டும்.

இப்போது பக்கத்து வீட்டு அக்காவின் ட்ரிப்ஸ்.

இதில் எனக்குச் சொந்த அனுபவம் உண்டு. என் முதல் பிள்ளைக்கு நான் பார்த்த இடத்தில் மாதாமாதம் மாத்திரை எழுதித் தந்தார்கள், ஒருமுறை கூட "சாப்பிடுறியாம்மா?" என்று கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. 34-ஆம் வாரத்தில் பார்த்தால் 8.2. அப்போது மாத்திரைக்கு நேரம் இல்லை. அதே 80 நாள் கணக்கைப் போட்டுப் பாருங்கள், பிள்ளை பிறந்து ஒரு மாதத்துக்கு மேல் ஆகியிருக்கும். அதனால் ஐயர்ன் சுக்ரோஸ் என்கிற இரும்பு ஊசிமருந்து, ஒரு தடவைக்கு 200 மி.கி., சலைன் பாட்டிலில் கலந்து, ஒருநாள் விட்டு ஒருநாள், நாலு தடவை. நிறைமாத வயிற்றோடு பஸ்ஸில் போய்வந்தது இன்னும் நினைவிருக்கிறது. ஒரு தடவை ஊசி நரம்பை விட்டு விலகி மருந்து கொஞ்சம் வெளியே கசிந்து, கையில் பழுப்பாக ஒரு கறை வந்தது, போக வெகுகாலம் ஆயிற்று. ஃபெரிக் கார்பாக்சிமால்டோஸ் என்று இன்னொரு மருந்து உண்டு, ஒரே தடவையில் கால் மணி நேரத்தில் 1,000 மி.கி. வரை ஏற்றிவிடலாம், அலைச்சல் இல்லை, ஆனால் தனியாரில் சில ஆயிரம் ஆகும். அரசு மருத்துவமனைகளில் இரும்பு ட்ரிப்ஸ் இலவசம், எந்த மருந்து கையிருப்பில் இருக்கிறது என்பதை மட்டும் முன்கூட்டியே கேட்டுக்கொள்ள வேண்டும்.

ஆனால் "ஒரே நாளில் ஏறிடும்" என்பது தப்பு. ஒரே நாளில் ஏறுவது மருந்துதான், ரத்தம் இல்லை. அந்த இரும்பை எடுத்து எலும்பு மஜ்ஜை புதிய அணுக்களைச் செய்யவேண்டும், எண் நன்றாக ஏற இரண்டு முதல் நாலு வாரம் ஆகிறது. உடனே ஏறவேண்டும் என்றால் ரத்தமே ஏற்றவேண்டும், அது உயிருக்கு ஆபத்து என்கிற நிலைக்கு. முதல் மூன்று மாதத்தில் இரும்பு ட்ரிப்ஸ் போடமாட்டார்கள். அபூர்வமாக ஒவ்வாமை வரலாம் என்பதால் போட்டபின் அரைமணி நேரம் உட்காரவைப்பார்கள், அந்த வசதி உள்ள இடத்தில்தான் போட்டுக்கொள்ள வேண்டும், வீட்டுக்கு வந்து போடுகிறேன் என்று யாராவது சொன்னால் வேண்டாம்.

ஆக அந்தக் காலண்டர் தாளின் அடியில் நான் எழுதிக்கொடுத்தது இவ்வளவுதான். 30 வாரத்துக்கு முன்னால், 7-க்கு மேல் இருந்தால், மாத்திரை, சரியான நேரத்தில், இரண்டு. நாலு வாரம் கழித்துத் திரும்பப் பார்க்கவேண்டும், குறைந்தது 1 கிராமாவது ஏறியிருக்க வேண்டும். ஏறவில்லை என்றால் நிஜமாகவே சாப்பிட்டோமா என்று முதலில் நம்மை நாமே கேட்டுக்கொண்டு, சாப்பிட்டும் ஏறவில்லை என்றால் டாக்டரிடம் காரணம் கேட்கவேண்டும், வைட்டமின் பி12 குறைவாக இருக்கலாம் (சுத்த சைவக்காரர்கள் இதை முதலில் சந்தேகிக்கலாம்), தலசீமியா (ஹீமோகுளோபின் சரியாக உண்டாகாத பரம்பரைக் கோளாறு) கூறு பரம்பரையில் இருக்கலாம், குடலில் புழு இருக்கலாம், அதற்குத்தான் நாலாம் மாதத்துக்கு மேல் ஒரு பூச்சிமாத்திரை தருகிறார்கள். 32, 34 வாரம் ஆகிவிட்டது, இன்னும் 10-க்குக் கீழே என்றால், அல்லது மாத்திரை எதுவுமே வயிற்றில் தங்கவில்லை என்றால், ட்ரிப்ஸ் பற்றி நாமே வாய்விட்டுக் கேட்கவேண்டும், அவர்கள் சொல்லட்டும் என்று காத்திருக்கக்கூடாது. 7-க்குக் கீழே என்றால் வீட்டில் பேச ஒன்றுமில்லை, பெரியாஸ்பத்திரிக்குக் கிளம்பவேண்டும். கீரையும் சுவரொட்டியும் எல்லா வரிசையிலும் உண்டு, தனியாக எந்த வரிசையிலும் இல்லை.

அம்மா அந்தக் கடைசி வரியைப் படிக்கச் சொல்லிக் கேட்டுவிட்டு, "தினம் கீரை உண்டுல்ல, அது போதும்" என்று எழுந்து போனார். மாமியாருக்கு எலுமிச்சை பிழியும் பொறுப்பு. அவர்கள் அதை ஒருநாள்கூடத் தவறவிடவில்லை என்று தங்கச்சி சொன்னாள், பதினொரு மணியானால் தம்ளரோடு வந்து நின்றுவிடுவார்களாம், மாத்திரை உள்ளே போகும்வரை நகரமாட்டார்களாம். மலச்சிக்கல் இருக்கத்தான் செய்தது. இரவு ஊறவைத்த உலர்திராட்சை, நிறையத் தண்ணீர், வாழைத்தண்டு என்று சமாளித்தாள். 24-ஆம் வாரம் 9.6. 32-ஆம் வாரம் 10.8. ட்ரிப்ஸ் வரை போகவில்லை.

பெண் பிறந்து இப்போது இரண்டு மாதம். பிரசவத்துக்கு அப்புறமும் 180 நாள் தினம் ஒரு மாத்திரை என்பது பலருக்குத் தெரிவதில்லை, பிள்ளை வந்ததும் டப்பாவை மூடிவிடுகிறோம். அவள் மூடவில்லை, ஆனால் டப்பா மட்டும் இடம் மாறிவிட்டது. ஒருநாள் மூத்தவன் நாற்காலி போட்டு ஏறி, சீனிப் பூச்சு போட்ட அந்தச் சிவப்பு மாத்திரையை மிட்டாய் என்று எடுத்துக் கையில் வைத்திருந்தானாம். மூன்று வயதுப் பிள்ளை அதில் ஒரு பிடி விழுங்கினால் உயிருக்கே ஆபத்து. இப்போது அது பீரோவுக்குள்ளே, மேல்தட்டில், பூட்டிச் சாவி மாமியார் இடுப்பில்.